பதிமூன்றாவது வாரம்

ரத்தினபுரி, கோயமுத்தூர்,
6.7.1995, வியாழக்கிழமை.

அன்புள்ள மாமாவுக்கு,

பொற்கொடி எழுதுகிறேன். நானும் அம்மாவும் குறையில்லாமல் இருக்கிறோம். நீங்கள் வேளா வேளைக்குச் சாப்பிடுவதாகவும் நன்றாகத் தூங்குவதாகவும் எழுதியிருந்தீர்கள். இரண்டில் ஒன்றை நம்பலாம் என்றிருக்கிறேன். எது என்று நீங்களே சொல்லுங்கள்.

உங்கள் தொடரின் முதல் வாரத்தைப் பார்த்துவிட்டோம். செவ்வாய்க்கிழமை ஏழு மணிக்கே பக்கத்து வீட்டு சாயிரா பானு அக்கா பாயை விரித்துவிட்டுக் கூப்பிட்டார். அவர்கள் வீட்டுக் கலர் டிவிக்கு முன்னால் நம் வரிசையில் இருக்கிற ஐந்து வீட்டுக்காரர்களும் உட்கார்ந்திருந்தோம். ‘கதை, வசனம்: சோமனூர் ரூபன்’ என்று எழுத்து ஓடியதும் எல்லோரும் திரையை விட்டுவிட்டு என்னைப் பார்த்தார்கள். அதற்குக் கீழே ‘பிரெஞ்சிலிருந்து தமிழில்: பொற்கொடி’ என்று வரும் எனச் சொல்லியிருந்தீர்களே, அது வரவில்லை. ஒருவேளை நான் கண்ணை மூடித் திறப்பதற்குள் போயிருக்கலாம். விசாரித்து எழுதுங்கள். எனக்குக் கோபமில்லை. கொஞ்சம் இருக்கிறது.

சோமனூரிலிருந்து உங்கள் அண்ணன் அன்புமணி நேற்று வந்திருந்தார். தறிப்பட்டறையில் அந்த அரை மணி நேரம் தறிகளை நிறுத்திவிட்டுப் பத்துப் பதினைந்து பேர் டீக்கடையில் நின்று பார்த்தார்களாம். தம்பி எழுதினது என்று சொல்லும்போது அவருக்குக் குரலே மாறிப்போனது.

சாயிரா பானு அக்கா, இது யார் கதை என்று கேட்டார். சொன்னேன். நூறு வருடத்துக்கு முன்னால் பிரான்சில் ஒரு பட்டு மில் முதலாளியின் வீடு. வியாழக்கிழமைதோறும் ஊர்ப் பெரிய மனிதர்களுக்கு அங்கே விருந்து. வீட்டுக்கார மதாம் தான் படிக்காத புத்தகங்களைப் பற்றி நீட்டி முழக்குவாள், தனக்குத் தெரியாத பிரபுக்களைப் பெயர் சொல்லிப் பேசுவாள். இவ்வளவையும் சமையலறை வாசலில் நின்று ஒரு வேலைக்காரி பார்த்துக்கொண்டிருக்கிறாள். அவள் ஒரு தடவைகூடச் சிரிப்பதில்லை. அவள் பார்ப்பதை நாம் பார்ப்பதால் நமக்குச் சிரிப்பு வருகிறது. புத்தகம் முழுக்க அவளுக்குப் பெயர் கிடையாது. கடைசி விருந்தன்று பாத்திரமெல்லாம் கழுவி அடுக்கி வைத்துவிட்டு அவள் போய்விடுகிறாள். மதாம் வாசலுக்கு ஓடி வருகிறாள். என்ன பெயர் சொல்லிக் கூப்பிடுவது என்று அவளுக்குத் தெரியவில்லை. அதோடு புத்தகம் முடிகிறது. சொல்லி முடித்ததும் அக்கா, அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே போய் டீ போட்டுக்கொண்டு வந்தார்.

மில் முதலாளி வீட்டை ஆர்.எஸ்.புரத்துக்குக் கொண்டுவந்தது நன்றாகப் பொருந்தியிருக்கிறது. வேலைக்காரிக்குச் சின்னத்தாயி என்று பெயர் வைத்திருக்கிறார்கள். டிவிக்குப் பெயர் வேண்டும் என்பது எனக்குப் புரிகிறது. ஆனால் கடைசி வாரம் என்ன செய்வீர்கள் என்று இப்போதே யோசித்து வையுங்கள்.

கல்லூரியில் வகுப்பு தொடங்கிவிட்டது. இந்த வருடம் பிரெஞ்சு எடுத்தவர்கள் இருபத்தொரு பேர். எனக்குப் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்த சிஸ்டர் ஓய்வு பெற்றுப் புதுச்சேரிக்குப் போகும்போது இந்தப் புத்தகத்தை என் கையில் கொடுத்தாரே, அந்த மேசையில்தான் இப்போது நான் உட்காருகிறேன். உட்கார்ந்தால் ஞாயிற்றுக்கிழமை மத்தியானங்கள் நினைவுக்கு வருகின்றன. நான் ஒரு வரியைப் பிரெஞ்சில் படித்து, தமிழில் தட்டுத் தடுமாறிச் சொல்வேன். நீங்கள் சுவரில் சாய்ந்துகொண்டு நீள நோட்டில் எழுதுவீர்கள். எழுதினதைத் திருப்பிப் படித்தால் அது நான் சொன்னதைவிட நன்றாக இருக்கும், எனக்குப் பொறாமையாகவும் இருக்கும். இரண்டு வருடம் அப்படிப் போயிற்று. நீங்கள் சென்னைக்குப் போய் ஐந்து மாதம் ஆகிறது. ஞாயிற்றுக்கிழமை சாப்பாடு முடிந்ததும் எனக்கு என்ன செய்வதென்று தெரிவதில்லை.

ஆறாவது அத்தியாயத்துக்கு நாம் பட்ட பாடு ஞாபகம் இருக்கிறதா? வெள்ளிக் கரண்டியைக் காணோம் என்று வேலைக்காரியின் மூட்டையை எல்லோர் முன்னாலும் பிரித்துப் போடுகிறார்கள். கரண்டி மதாமின் தையல் பெட்டியிலேயே கிடைக்கிறது. மதாம் ஏதோ சொல்ல வாயெடுக்க, வேலைக்காரி ஒரே ஒரு வார்த்தை சொல்லி அதை நிறுத்துகிறாள். அந்த ஒரு வார்த்தைக்குத் தமிழ் கிடைக்காமல் நான்கு ஞாயிறு போனது. பிறகுதான் அம்மா வேலை செய்த ஆர்.எஸ்.புரம் ராமாமணி அம்மாள் வீட்டில் நடந்ததை உங்களிடம் சொன்னேன். அப்போது எனக்கு எட்டு வயது. அவர்கள் வீட்டு வெள்ளி டம்ளர் காணாமல் போய், அம்மாவின் கூடையைக் கவிழ்த்துக் கொட்டினார்கள். டம்ளர் பூஜை அலமாரிக்குப் பின்னால் இருந்தது. ராமாமணி அம்மாள் என்னவோ சொல்ல வந்தார். அம்மா, கொட்டிக் கிடந்ததைப் பொறுக்கிக்கொண்டே, “உட்டுப்போடுங்க அம்மணி” என்றாள். உங்களிடம் இதைச் சொன்னதும் நீங்கள் பேனாவை மூடி வைத்துவிட்டு, அன்றைக்கு இதற்கு மேல் எழுத வேண்டாம் என்றீர்கள். உங்களை நான் ரொம்பவும் விரும்பிய நாட்களில் அது ஒன்று.

அந்த இடம் எந்த வாரம் வருகிறது என்று முன்கூட்டியே எழுதுங்கள். அன்றைக்கு அம்மாவை என் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்ள வேண்டும். தான் சொன்ன வார்த்தையை ஊரே கேட்கப்போகிறது என்று அவளுக்கு நான் இன்னும் சொல்லவில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். வெளியில் மோர் என்று எதையும் குடித்துவிடாதீர்கள்.

உங்கள் வரவை எண்ணிக்கொண்டிருக்கும்,
பொற்கொடி.


கோயமுத்தூர்,
10.8.1995.

அன்புள்ள மாமாவுக்கு,

போன கடிதத்துக்கு உங்களிடமிருந்து நான்கு வரி வந்தது. வேலை அதிகம் என்று தெரிகிறது. நான் கொஞ்சம் அதிகமாகவே எழுதப்போகிறேன். ஷூட்டிங் இடைவேளையில் படிக்க வேண்டாம், அறைக்குப் போய் உட்கார்ந்து படியுங்கள்.

கரண்டி காட்சி போன வாரம் வந்தது. அதற்கு முன்பே, இரண்டாவது வாரத்திலிருந்தே, சின்னத்தாயி தட்டைப் போட்டு உடைத்தால் “உட்டுப்போடுங்க அம்மணி”, குழம்பில் உப்பை அள்ளிக் கொட்டினால் “உட்டுப்போடுங்க அம்மணி”, கால் தடுக்கி விழுந்தால் அதுவே. ஒவ்வொரு தடவையும் பின்னால் யாரோ கூட்டமாகச் சிரிக்கிற சத்தத்தைப் போட்டிருக்கிறார்கள். மதாம் பேசும்போது அந்தச் சத்தம் இல்லை. மதாம் அழகாக, நிதானமாக, படித்தவர்கள் பேசுகிற தமிழில் பேசுகிறாள். நம் புத்தகத்தில் யாரைப் பார்த்துச் சிரித்தோமோ அவளுக்கு ஒரு சிரிப்பும் இல்லை. சிரிக்காமல் நின்றவளைப் பார்த்து எல்லோரும் சிரிக்கிறார்கள்.

அதனால் கரண்டி காட்சியில் அவள் வாயைத் திறப்பதற்கு முன்பே சாயிரா பானு அக்கா வீட்டில் சிரிக்கத் தொடங்கிவிட்டார்கள். அவர்கள் மேல் தப்பில்லை, நான்கு வாரமாகப் பழக்கியிருக்கிறீர்கள். அம்மாவும் வாயை உள்ளங்கையால் மூடிக்கொண்டு சிரித்தாள். எல்லோரும் சிரிக்கும்போது தான் மட்டும் சும்மா இருந்தால் மரியாதையாக இருக்காது என்று அவளுக்குத் தோன்றியிருக்கும். அம்மாவை நான் அன்றைக்குப் பக்கத்தில்தான் உட்கார வைத்திருந்தேன்.

இப்போது டவுன் பஸ்ஸில் கண்டக்டர் சில்லறை இல்லாவிட்டால் அதைத்தான் சொல்கிறார். என் வகுப்பில் ஒரு பெண் இலக்கணத் தேர்வில் தவறு செய்துவிட்டு அதைச் சொன்னாள். மற்ற இருபது பேரும் சிரித்தார்கள். நான் கரும்பலகைப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

இதையெல்லாம் நான் பொறுத்திருப்பேன். வெள்ளிக்கிழமை நடந்ததைத்தான் சொல்ல வேண்டும்.

பதினோரு மணிக்கு நம் தெருவுக்குள் ஒரு கார் வந்தது. டிரைவர் இறங்கி, லட்சுமி வீடு எது என்று ஒவ்வொரு வாசலாகக் கேட்டிருக்கிறார். லட்சுமி என்று இங்கே யாரும் இல்லை என்று சாயிரா பானு அக்கா சொல்ல, அவர் காரைத் திருப்பப் போய்விட்டார். உள்ளே அரிசி களைந்துகொண்டிருந்த அம்மா ஈரக்கையோடு வெளியே வந்து, “அது நானுங்க” என்றாளாம். அக்காவுக்கு ஆச்சரியம். உங்களுக்குத் தெரியும். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே ராமாமணி அம்மாள், கருப்பாத்தாள் என்று கூப்பிட வாய் வரவில்லை, லட்சுமி என்று கூப்பிட்டுக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டார். இருபத்திரண்டு வருடம் அந்த வீட்டில் அம்மா லட்சுமிதான்.

ராமாமணி அம்மாள் வீட்டில் பெண்கள் சங்கத்து விருந்தாம். நம் தொடரை அவர் ஒரு வாரம் விடாமல் பார்க்கிறார். மிகவும் பிடித்திருக்கிறதாம். மதாம் தானாக இருக்கலாம் என்ற எண்ணம் அவருக்குக் கனவிலும் வரவில்லை. சின்னத்தாயியைப் பார்த்தால் அப்படியே எங்கள் லட்சுமி என்று தோழிகளிடம் சொல்லிச் சொல்லி, கடைசியில் நேரிலேயே காட்டிவிடலாம் என்று காரை அனுப்பியிருக்கிறார். அம்மாவைக் கூடத்தில் நிறுத்தி, அதை ஒரு தடவை சொல்லு என்று கேட்டிருக்கிறார்கள்.

சாயங்காலம் கல்லூரியிலிருந்து வந்ததும், நீ சொன்னாயா என்று அம்மாவைக் கேட்டேன். கேட்டாங்க, சொன்னேன் என்றாள். இரண்டு தடவை சொல்லச் சொன்னார்களாம்.

ஒரு சேலையும் ஒரு டப்பா மைசூர்பாகும் கொடுத்தனுப்பியிருந்தார்கள். பை பிரிக்காமல் மூலையில் இருந்தது. அம்மா ராத்திரிச் சோற்றுக்கு அரிசி களைய உட்கார்ந்தாள். என் முகத்தைப் பார்க்காமல், “ஏங்கண்ணு, நானு அப்படித்தான் பேசறனா?” என்று கேட்டாள்.

நான் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்துச் சம்பளம் வாங்குகிறவள். ஒரு வாக்கியத்தை நான்கு விதமாகச் சொல்லத் தெரிந்தவள். அம்மாவின் கையிலிருந்து பாத்திரத்தை வாங்கி அரிசியை நானே களைந்தேன்.

அன்றிலிருந்து அம்மா வார்த்தையை அளந்து பேசுகிறாள். யாரையும் ‘ங்க’ போட்டுப் பேசுவதில்லை. ரேஷன் கடையில் போய், சக்கரை இருக்குதா என்று மொட்டையாகக் கேட்டிருக்கிறாள். கடைக்காரர் என்னை நிறுத்தி, ஏனுங்க டீச்சர், அம்மாவுக்கு எங்க மேல ஏதாவது வருத்தமுங்களா என்று விசாரித்தார். இந்தச் செவ்வாய்க்கிழமை டிவி பார்க்க வரவில்லை. தலைவலி என்றாள்.

தப்பில் பாதி என்னுடையது. பிரெஞ்சில் அந்த வேலைக்காரி மற்றவர்கள் பேசுவது போலத்தான் பேசுகிறாள். அம்மாவின் பேச்சை அவள் வாயில் வைத்தது நான். எனக்குத் தெரிந்த தமிழில் அதைவிட மரியாதையான தமிழ் இல்லை, கேட்கிறவர்களுக்கும் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்துவிட்டேன். சினிமாவில் கோயமுத்தூர்ப் பேச்சை எதற்கு வைத்திருக்கிறார்கள் என்று யோசித்திருக்க வேண்டும். ஆனால் நீங்கள் இந்தப் பேச்சிலேயே பிறந்தவர். அந்த நடிகை அதை இழுத்து இழுத்துச் சொன்னபோது நீங்கள் அங்கே நின்றிருப்பீர்கள் அல்லவா? அப்போது என்ன நினைத்தீர்கள் என்று எனக்குத் தெரிய வேண்டும். அம்மாவுக்குச் சொல்ல அல்ல, எனக்குத்தான்.

கோபத்தில் எழுதுகிறேன் என்று நினைக்காதீர்கள். கோபமாக இருந்தால் உங்கள் சட்டையை மடித்துப் பெட்டிக்குள் வைத்திருப்பேன். நீங்கள் விட்டுப்போன நீலச் சட்டை இன்னும் கொடியில்தான் தொங்குகிறது. எடுத்து வைக்க மனம் வரவில்லை.

நான்கு வரி போதாது. நிறைய எழுதுங்கள்.

உங்கள்,
பொற்கொடி.


கோயமுத்தூர்,
13.9.1995.

அன்புள்ள மாமாவுக்கு,

உங்கள் ஆறு பக்கக் கடிதம் சனிக்கிழமை கிடைத்தது. மூன்று தடவை படித்தேன். அந்த நடிகை முதல் நாள் பேசியபோது வெளியே போய் நின்றுகொண்டதாக எழுதியிருக்கிறீர்கள். உள்ளே நின்று வேண்டாம் என்று சொல்லியிருக்கலாமே என்று கேட்கத் தோன்றுகிறது. ஆனால் ராமாமணி அம்மாள் கூடத்தில் நான் இருந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்பதும் எனக்குத் தெரியவில்லை. வெளியே போனதையாவது ஒளிக்காமல் எழுதினீர்கள். அதற்காக மனம் உங்களை இன்னும் கொஞ்சம் தேடுகிறது.

வீட்டைப் பற்றி எழுதியிருந்ததைத்தான் முதலில் படித்தேன், பொய் சொல்லவில்லை. வடபழனியில் மாடி, இரண்டு அறை, தண்ணீர் கஷ்டம் இல்லை, பக்கத்தில் பெண்கள் கல்லூரி. தயாரிப்பாளர் வெங்கடபதி இன்னும் பதிமூன்று வாரம் நீட்டிக்கத் தயாராக இருக்கிறார், நீட்டித்தால் தீபாவளிக்கு முன்பே என்னையும் அம்மாவையும் அழைத்துக்கொள்ளலாம். நான் அந்த வீட்டை மனதுக்குள் பெருக்கி, எந்த ஜன்னலுக்குப் பக்கத்தில் உங்கள் மேசையைப் போடுவது என்றுகூட முடிவு செய்துவிட்டேன். ஏழு மாதமாக ஒரு தட்டில் சாதம் போட்டுக்கொண்டு எதிரில் யாரும் இல்லாமல் சாப்பிடுகிறேன். அம்மா இருக்கிறாள்தான். நான் சொல்வது உங்களுக்குப் புரியும்.

அதற்கு அடுத்த பக்கத்தில்தான் அந்தச் ‘சின்ன மாற்றம்’ இருந்தது. தொடரை நீட்டிக்க வேண்டுமானால் சின்னத்தாயி வீட்டை விட்டுப் போகக்கூடாது. வாசல் வரை போய், கால் தடுக்கி விழுந்து, திரும்பி வந்து, மதாமின் காலைப் பிடித்துக்கொண்டு அந்த வார்த்தையைச் சொல்ல வேண்டும். எல்லோரும் சிரிக்க வேண்டும். பதிமூன்றாவது வாரத்தை அப்படி முடித்தால் மறு வாரமே பதினான்காவது வாரம். இல்லாவிட்டால் தொடரும் முடிந்தது, வீடும் இல்லை. உன் விருப்பம் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள்.

என் விருப்பத்தைச் சொல்வதற்கு முன்னால் ஞாயிற்றுக்கிழமை நடந்ததைச் சொல்கிறேன்.

சாப்பாட்டுக்குப் பிறகு புத்தகத்தை எடுத்துக் கடைசி அத்தியாயத்தை மறுபடி பார்த்துக்கொண்டிருந்தேன். என்ன படிக்கிறாய் என்று அம்மா கேட்டாள். இதுதான் அந்தக் கதை, சத்தமாகப் படிக்கட்டுமா என்றேன். அவள் தலையசைத்ததும், வரி வரியாகத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். உங்களிடம் சொல்வதுபோலத்தான், சுவரில் சாய்ந்து எழுத ஆள் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். அம்மா வெங்காயம் உரிப்பதை நிறுத்திவிட்டாள். விருந்தாளிகள் காத்திருக்கிறார்கள், அடுப்பு அணைந்து கிடக்கிறது, மேசை மேல் நாற்பது தட்டும் கழுவித் துடைத்து இருக்கின்றன. அந்த இடத்தில் அம்மா, “கழுவி வெச்சுட்டுத்தான் போயிருக்கறா” என்றாள். ஒரு மாதத்துக்குப் பிறகு அவளுடைய சொந்தப் பேச்சில் ஒரு முழு வாக்கியம்.

படித்து முடித்ததும், அவளுக்குப் போகிற இடத்தில் யாராவது இருக்கிறார்களா என்று கேட்டாள். புத்தகத்தில் அதைச் சொல்லவில்லை என்றேன். டிவியில்தான் அவளுக்குப் பெயர் வைத்துவிட்டார்களே, பிறகு அந்த அம்மாவுக்குப் பெயர் தெரியாமல் எப்படி இருக்கும் என்று கேட்டாள். மாமா, உங்களிடம் முதல் கடிதத்தில் நான் கேட்ட கேள்வி அது. நீங்களும் நானும் பதில் கண்டுபிடிக்கவில்லை. அம்மா கண்டுபிடித்தாள்.

“சின்னத்தாயிங்கறது அந்த அம்மணி வெச்ச பேருன்னு வெச்சுக்கோ கண்ணு. அவ ஊட்டுல வெச்ச பேரு வேற. காரு போட்டுட்டுப் போயி அவ தெருவுல கேக்கட்டும். அந்தப் பேருல இங்க ஆருமில்லீங்கனு சொல்லிப்போடுவாங்கல்ல” என்றாள்.

சொல்லிவிட்டு வெங்காயத்தை உரிக்கத் தொடங்கினாள். ‘இல்லீங்க’ என்று சொன்னதை அவள் கவனிக்கவில்லை. நான் கவனித்தேன். எழுந்துபோய்ப் பின்கட்டில் நின்று அழுதுவிட்டு வந்தேன்.

இத்துடன் எட்டுப் பக்கம் வைத்திருக்கிறேன். பதிமூன்றாவது வாரம், அம்மா சொன்னபடி. மதாம் முதன்முதலாகக் காரை விட்டு இறங்கி ஒரு சந்துக்குள் நடந்து வருகிறாள். வாசல் வாசலாகச் சின்னத்தாயி வீடு எது என்று கேட்கிறாள். எல்லோரும் மரியாதையாக, அந்தப் பேரில் இங்கே யாரும் இல்லீங்க என்கிறார்கள். ஒரு கதவுக்குப் பின்னால் அவள் நின்று கேட்டுக்கொண்டிருக்கிறாள். இந்தத் தடவை அவள், “அது நானுங்க” என்று வெளியே வருவதில்லை. வசனம் என்னால் உங்கள் அளவுக்கு எழுத முடியாது. திருத்திக்கொள்ளுங்கள். அவர்கள் பேசுகிற பேச்சை மட்டும் திருத்த வேண்டாம். பின்னால் சிரிப்புச் சத்தம் வேண்டாம் என்று முதல் பக்கத்திலேயே சிவப்பு மையில் எழுதியிருக்கிறேன்.

இதை எடுத்தால் வீடு போய்விடும் என்று தெரிந்துதான் அனுப்புகிறேன். எனக்கு அந்த வீடு வேண்டும். அதைவிட நீங்கள் வேண்டும். ஆனால் அந்த மாடியில், அம்மா சமையலறையில் வாயைத் திறக்காமல் நடமாட, நாம் இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டால் சாதம் இறங்காது. உங்களுக்கும் இறங்காது. உங்களை எனக்குத் தெரியும்.

வெங்கடபதி என்ன சொல்வாரோ, நீங்கள் என்ன முடிவெடுப்பீர்களோ, நான் இங்கிருந்து பிடித்து இழுக்க முடியாது. இதை எழுதும்போதும் நீங்கள் அந்த ஆறு பக்கத்தை எந்த விளக்கடியில் உட்கார்ந்து எழுதியிருப்பீர்கள் என்றுதான் மனம் போகிறது. எதைச் செய்தாலும் ஊருக்கு வாருங்கள். எந்த நாளில் வருவது என்பதை மட்டும் நான் சொல்கிறேன்.

இந்த எட்டுப் பக்கம் படமாகியிருந்தால், செவ்வாய்க்கிழமை ஒளிபரப்பு முடிந்த பிறகு ராத்திரி சேரன் எக்ஸ்பிரஸில் ஏறி மெதுவாக வாருங்கள். புதன்கிழமை காலையில் நான் ஸ்டேஷனுக்கு வந்து நிற்கிறேன்.

வெங்கடபதி சொன்னபடி மாற்றியிருந்தால், செவ்வாய்க்கிழமை சாயங்காலத்துக்குள் வந்துவிடுங்கள். அன்றைக்குத் தலைவலி என்று சொல்ல விடாமல் அம்மாவை நான் அழைத்துக்கொண்டு வருகிறேன். சாயிரா பானு அக்கா வீட்டுப் பாயில் அம்மாவுக்கு ஒரு பக்கத்தில் நீங்கள் உட்காருங்கள், இன்னொரு பக்கத்தில் நான். எல்லோரும் சிரிக்கும்போது அவள் கை வாயை மூடப் போகும். அந்தக் கையை நீங்கள் பிடித்துக்கொள்ளுங்கள்.

கடவுள் உங்களுக்கு நல்ல புத்தியும் நல்ல தூக்கமும் கொடுக்கட்டும்.

என்றும் உங்கள்,
பொற்கொடி.